நெய்வேலிக் காண்டம் – 17: பத்து நாள் சுரங்கமும் ஒன்றரைக் கிலோமீட்டர் வாய்க்காலும்

சேத்தியாத்தோப்பு கிழக்கு. இந்தப் பெயரில் ஓர் ஊர் கிடையாது. 2023 மார்ச் 29 அன்று மத்திய நிலக்கரி அமைச்சகம் வெளியிட்ட ஏலப் பட்டியலில் இந்தப் பெயர் இருந்தது. சேத்தியாத்தோப்புக்குக் கிழக்கே, வயல்களுக்கு அடியில் கிடக்கும் பழுப்பு நிலக்கரிப் படுகைக்கு டெல்லி வைத்த பெயர் அது. தஞ்சாவூர் மாவட்டத்து வடசேரியும் அரியலூர் மாவட்டத்து மைக்கேல்பட்டியும் கூடவே இருந்தன. தனியார் கம்பெனிகளும் ஏலம் கேட்கலாம், எடுத்தவர் தோண்டிக்கொள்ளலாம்.

அந்தப் படுகைக்கு மேலே இருக்கும் ஊரைப் பற்றிக் கொஞ்சம் சொல்லிவிடுகிறேன். சிதம்பரத்திலிருந்து விருத்தாசலம் போகிறவரும் விக்கிரவாண்டியிலிருந்து கும்பகோணம் போகிறவரும் சந்தித்துக்கொள்ளும் இடம் சேத்தியாத்தோப்பு. ஊரை ஒட்டி வெள்ளாறு, ஆற்றின் குறுக்கே அணைக்கட்டு. தெற்கே வீராணம். எம்.ஆர்.கே. கூட்டுறவுச் சர்க்கரை ஆலை இருப்பதால் அரவைக் காலத்தில் கரும்பு டிராக்டர்கள் சாலையை அடைத்துக்கொண்டு நிற்கும். தஞ்சாவூர் நான்குவழிச் சாலையைத் துண்டு போட்டவர்கள் விக்கிரவாண்டி–சேத்தியாத்தோப்பை முதல் துண்டாக வைத்தார்கள். அந்தத் துண்டு எத்தனை வருஷம் இழுத்தது என்பது அவ்வழியே பஸ்ஸில் போய்வந்தவர்களின் முதுகுக்குத் தெரியும்.

ஏலச் செய்தி ஏப்ரல் முதல் வாரத்தில் ஊருக்குள் வந்தது. முதலமைச்சர் மு.க.ஸ்டாலின் பிரதமருக்குக் கடிதம் எழுதினார். 5ஆம் தேதி சட்டமன்றத்தில் தானும் ஒரு டெல்டாக்காரன் என்று சொல்லி, மாநில அரசு ஒருபோதும் அனுமதி தராது என்றார். ஆளுங்கட்சி, எதிர்க்கட்சி என்ற பேதமில்லாமல் எல்லாரும் ஒரே பக்கம் நின்றார்கள். தமிழக பாஜக தலைவராக இருந்த அண்ணாமலையும் தன் பங்குக்கு டெல்லிக்கு எழுதினார். 8ஆம் தேதி நிலக்கரித் துறை அமைச்சர் பிரகலாத் ஜோஷி மூன்று இடங்களையும் ஏலத்திலிருந்து நீக்கிவிட்டதாக ட்விட்டரில் அறிவித்தார். யாருடைய கடிதத்துக்கு மரியாதை கிடைத்தது என்பதில் அன்று சாயங்காலமே சண்டை தொடங்கிவிட்டது.

மார்ச் 29க்கும் ஏப்ரல் 8க்கும் இடையே பத்து நாள். தாலுகா ஆபீசில் பட்டா மாற்றத்துக்கு மனுக் கொடுத்தால்கூட இவ்வளவு சீக்கிரம் காரியம் நடக்காது.

அதே 2023இல், அதே சேத்தியாத்தோப்பை அடுத்த வளையமாதேவியில், அதே பழுப்பு நிலக்கரிக்காக, ஜூலை 26ஆம் தேதி பச்சைப் பயிருக்குள் பொக்லைன்கள் இறங்கின. பத்து நாள் ஒற்றுமை அங்கே எந்த உருவிலும் தென்படவில்லை. ஒரு வயல் தப்பியதற்கும் பக்கத்து வயல் தப்பாததற்கும் என்ன காரணம் என்பதுதான் இந்த வாரத்து விஷயம்.

முதலில் சட்டம். 2020 பிப்ரவரி 9 அன்று தலைவாசலில் நடந்த விழாவில் அன்றைய முதலமைச்சர் எடப்பாடி பழனிசாமி காவிரி டெல்டா பாதுகாக்கப்பட்ட வேளாண் மண்டலமாக்கப்படும் என்றார். அதே மாதம் சட்டமும் நிறைவேறியது. தஞ்சாவூர், திருவாரூர், நாகப்பட்டினம் மாவட்டங்களோடு புதுக்கோட்டையிலும் கடலூரிலும் சில ஒன்றியங்கள் அதற்குள் வந்தன. கடலூரில் காட்டுமன்னார்கோயில், மேல்புவனகிரி, கீரப்பாளையம், பரங்கிப்பேட்டை, குமராட்சி. மேடையில் சொல்லப்பட்ட திருச்சி, கரூர், அரியலூர் மூன்றும் சட்டம் வந்தபோது காணாமல் போயின. ஏற்கெனவே நடந்துகொண்டிருந்த திட்டங்களைச் சட்டம் தொடவில்லை.

சேத்தியாத்தோப்பு கிழக்கும் வடசேரியும் பாதுகாக்கப்பட்ட மண்டலத்துக்குள் வருகின்றன. தோண்டச் சட்டம் இடம் தராது என்பது மாநில அரசின் வாதம். சரியான வாதம். ஆனால் மைக்கேல்பட்டி? அரியலூர் மாவட்டம் அந்தச் சட்டத்திலேயே கிடையாது. டெல்டாவை ஒட்டிய வளமான பூமி என்பதைத் தவிர மைக்கேல்பட்டிக்குச் சட்டத்தின் துணை ஏதும் இல்லை. இருந்தும் மற்ற இரண்டோடு சேர்ந்து அதுவும் ஒரே மூச்சில் தப்பித்தது. சட்டம்தான் காப்பாற்றியது என்றால் இரண்டு இடங்கள்தான் தப்பியிருக்கவேண்டும். டெல்டா என்ற பேருக்குத் தமிழ்நாட்டில் இருக்கும் கனம் சட்டத்தின் எல்லைக்கல்லைத் தாண்டியும் செல்லுபடியானது. தவிர, அந்த மூன்று இடங்களிலும் ஏலத்துக்காக ஒரு குழி நிலம்கூட இன்னும் எடுக்கப்படவில்லை. ஒரு பைசா முதலீடு இல்லை, ஒரு இயந்திரம் வரவில்லை. கைவிட்டால் யாருக்கும் கைநஷ்டம் கிடையாது.

வளையமாதேவியின் கதை வேறு. அங்கே நிலம் காகிதத்தில் எப்போதோ கைமாறியிருந்தது.

நெய்வேலி இரண்டாம் சுரங்கத்தின் வளர்ச்சியை முந்தைய பகுதிகளில் பார்த்தோம். 1978இல் அனுமதி பெற்று, ஆண்டுக்கு 47 லட்சம் டன் என்று தொடங்கி, 105 லட்சமாகி, பிறகு 150 லட்சம் டன்னுக்கு உயர்த்தப்பட்ட சுரங்கம். திறந்தவெளிச் சுரங்கம் ஓரிடத்தில் நிற்பதில்லை. முன்பக்கம் மண்ணை வெட்டி, பின்பக்கம் கொட்டி, நிலத்தைத் தின்றுகொண்டே நகரும். அப்படி நகரும் வழியில் பரவனாறு குறுக்கிட்டது. நெய்வேலிப் பக்கத்து மழைநீரையும் சுரங்கத்திலிருந்து இறைத்துவிடும் தண்ணீரையும் சுமந்துகொண்டு வாலாஜா ஏரி, பெருமாள் ஏரி வழியாகக் கடலூர்ப் பக்கம் போய்ச் சேரும் ஆறு. வெட்டுமுகம் ஆற்றை எட்டுவதற்குள் ஆற்றை வேறு இடத்துக்கு மாற்றியாகவேண்டும். தற்காலிக மாற்றங்களுக்குப் பிறகு, நிரந்தரமாக 12 கிலோமீட்டருக்கு ஒரு புது வாய்க்கால் திட்டமானது. 2023இல் அதில் ஒன்றரைக் கிலோமீட்டர்தான் பாக்கி. அந்த ஒன்றரைக் கிலோமீட்டர் வளையமாதேவி வயல்களுக்குள் வந்தது.

நெய்வேலிச் சுரங்கங்களை நடத்தும் பொதுத்துறை நிறுவனமான என்.எல்.சி.யின் வாதத்தை அதன் முழு பலத்தோடே சொல்லவேண்டும். அந்த நிலங்கள் 2006க்கும் 2013க்கும் இடையே முறைப்படி கையகப்படுத்தப்பட்டவை, இழப்பீடு கொடுத்தாகிவிட்டது, சாகுபடி செய்யவேண்டாம் என்று முன்கூட்டியே சொல்லியாகிவிட்டது, வெட்டுமுகம் ஆற்றை நெருங்கிவிட்டது, வடகிழக்குப் பருவமழைக்குள் வாய்க்காலை முடிக்காவிட்டால் வெள்ளம் சுரங்கத்துக்குள் இறங்கும், சுரங்கம் நின்றால் அனல்மின் நிலையம் நிற்கும், தமிழ்நாட்டுக்கு மட்டுமில்லாமல் தென்மாநிலங்கள் எல்லாவற்றுக்கும் மின்சாரம் குறையும். மாவட்ட நிர்வாகமும் அமைச்சர்களும் ஏறக்குறைய இதையே சொன்னார்கள். இதில் ஒவ்வொரு வாக்கியமும் அந்த ஜூலை மாதத்தில் உண்மைதான் என்றே எனக்குப் படுகிறது.

என் சந்தேகம் வேறு இடத்தில். உலகத்தில் முன்கூட்டியே தெரியக்கூடிய காரியம் ஒன்று உண்டென்றால் அது திறந்தவெளிச் சுரங்கத்தின் நடைதான். எவ்வளவு மேல்மண், எவ்வளவு நிலக்கரி, வருஷத்துக்கு எவ்வளவு தூரம் என்பதெல்லாம் திட்ட அறிக்கையிலேயே கணக்குப் போட்டு வைத்திருப்பார்கள். எந்த ஆண்டு வெட்டுமுகம் எந்த சர்வே நம்பரில் நிற்கும் என்பது பத்து வருஷத்துக்கு முன்பே வரைபடத்தில் கோடாக இருக்கும். 2013இலேயே நிலம் கைக்கு வந்துவிட்டது என்றால், பயிரில்லாத ஒரு கோடை அந்தப் பத்து வருஷத்தில் கிடைக்கவில்லையா? விவசாயிகளோடு உட்கார்ந்து பேசி முடிக்க ஒரு வருஷம் கிடைக்கவில்லையா? பேச்சு இழுத்தது, வேலை வேண்டும், கூடுதல் தொகை வேண்டும் என்று அவர்கள் விடவில்லை, நிர்வாகமும் அவசரப்படவில்லை. கடைசியில் காலம் கடந்துபோனதே ஒரு காரணமாகிவிட்டது. இனி ஒரு நாள்கூடப் பொறுக்க முடியாது என்ற நிலைமையை உண்டாக்கியவர்களே அந்த நிலைமையை ஆதாரமாகக் காட்டினார்கள். பெரிய திட்டங்களில் அவசரம் வானத்திலிருந்து விழுவதில்லை. அதிகாரம் உள்ளவர் கையில் தாமதத்துக்கும் ஒரு விலை இருக்கிறது, அதை அவர் கொடுக்கவேண்டியதில்லை.

வயலில் நிலைமை எப்படி இருந்தது? சிட்டாவில் பெயர் மாறியிருந்தது. தரையில் அதே குடும்பம் உழுதது, நாற்று விட்டது, நட்டது, களை எடுத்தது. கம்பெனிக்கு நிலம் உடனே தேவைப்படாத வருஷங்களில் இதை யாரும் தடுக்கவில்லை. கரிவெட்டி, கத்தாழை, மேல்வளையமாதேவி, கீழ்வளையமாதேவி என்று அந்தச் சுற்றுவட்டாரத்தில் இழப்பீடு வாங்கிய பிறகும் சாகுபடி தொடர்வது சகஜமான காட்சி. காகிதத்தில் ஒருவர், சுவாதீனத்தில் ஒருவர். 2023 ஜூலையில் அங்கே நின்றது இன்னும் இரண்டு மாதத்தில் அறுவடைக்கு வரவேண்டிய நெல். போலீஸ் பாதுகாப்போடு வந்த பொக்லைன்கள் பயிரை மண்ணோடு வாரி இருபக்கமும் கரையாகக் குவித்துக்கொண்டே போயின. அந்தக் கரையில் வேர் மேலாகக் கிடந்த நெற்பயிரைத் தமிழ்நாடு முழுக்கத் தொலைக்காட்சியில் பார்த்தது.

ஜூலை 28 அன்று நெய்வேலி ஆர்ச் கேட்டில் பாமக நடத்திய முற்றுகைப் போராட்டம் கலவரமாகி, கல்வீச்சு, தடியடி, வானத்தை நோக்கித் துப்பாக்கிச் சூடு என்று போனது. அன்புமணி ராமதாஸ் கைதானார். அதே சமயத்தில் சென்னை உயர் நீதிமன்றத்தில் ஒரு வழக்கு. நிலம் சம்பந்தப்பட்ட வழக்கே அல்ல அது, என்.எல்.சி. ஒப்பந்தத் தொழிலாளர்களின் போராட்டம் பற்றியது. அதை விசாரித்துக்கொண்டிருந்த நீதிபதி எம்.தண்டபாணி, பயிர் அழிக்கப்பட்டதைப் பார்த்துக் கண்ணீர் வந்தது என்றும் அறுவடை வரை இரண்டு மாதம் பொறுக்கக் கூடாதா என்றும் கேட்டார். வாடிய பயிருக்காக வாடிய வள்ளலாரையும் நினைவூட்டினார். வள்ளலாரின் வடலூர், நெய்வேலிக்கும் சேத்தியாத்தோப்புக்கும் நடுவில் இருக்கிறது. அவருடைய 200ஆவது பிறந்த ஆண்டை அரசாங்கம் விழா எடுத்துக் கொண்டாடிக்கொண்டிருந்த வருஷமும் அதுதான். இதற்கு மேல் நான் ஒன்றும் சேர்க்கத் தேவையில்லை.

பயிர் தொடர்பான வழக்கில், அழிந்த பயிருக்கு ஏக்கருக்கு 40,000 ரூபாய் தரவேண்டும், மீதிப் பயிரை அறுத்துக்கொண்டு செப்டம்பர் நடுவில் நிலத்தை ஒப்படைக்கவேண்டும் என்று தீர்வானது. கவனித்துப் பாருங்கள்: ஜூலை 26இல் ஒரு நாள்கூடப் பொறுக்க முடியாது என்ற வாதம், நீதிமன்றம் தலையிட்டதும் ஆறேழு வாரம் பொறுத்துக்கொண்டது.

பலசாலியின் காரணம் இப்படி வளைந்துகொடுப்பது நம் ஊரில் மட்டும் நடப்பதல்ல. டென்மார்க்கில் ஆல்போர்க் என்றொரு நகரம். நகர மையத்தில் கார்களைக் குறைத்து பஸ், சைக்கிள், நடை ஆகியவற்றுக்கு இடம் விடுவதாக 1970களின் இறுதியில் ஒரு திட்டம் போட்டார்கள். ஆய்வுகளுக்குக் குறைச்சலில்லை. ஊர் வர்த்தகர் சங்கமும் அதிகாரிகளும் ஒவ்வொரு கட்டத்திலும் புகுந்து திருத்தித் திருத்தி, கடைசியில் குறையவேண்டிய கார்கள் கூடின. அந்தத் திட்டத்தின் காகிதங்களைப் பல வருஷம் துருவிய பென்ட் ஃப்ளுவ்பியர் என்ற பேராசிரியர் ஒரு முடிவுக்கு வந்தார். அதிகாரம் உள்ளவர்களுக்கு அறிவுபூர்வமான காரணம் கண்டுபிடிக்கும் அவசியம் குறைவு. எது காரணமாக எண்ணப்படவேண்டும் என்பதையே அவர்கள்தான் தீர்மானிக்கிறார்கள் என்றார். காரணம் என்பது பலவீனமானவர் கையில் இருக்கும் ஆயுதம், பலசாலிக்கு அது அலங்காரம் என்கிற அளவுக்குப் போகிறது அவர் ஆராய்ச்சி. நம் ஊர்க் கதைக்கு இது முழுக்கப் பொருந்தும் என்று நான் சொல்லமாட்டேன். இங்கே பலசாலி ஒருவர் இல்லை; டெல்லி, சென்னை, கம்பெனி, கட்சிகள், தொழிற்சங்கங்கள் என்று ஐந்தாறு பேர். அவர்கள் எல்லாரும் ஒரே பக்கம் சாயும்போது என்ன நடக்கும் என்பதற்குப் பழைய உதாரணம் ஒன்று நெய்வேலியிலேயே இருக்கிறது.

2006இல் என்.எல்.சி.யின் 10 சதவீதப் பங்குகளை விற்க மத்திய அரசு முடிவெடுத்தது. தொழிலாளர்கள் வேலைநிறுத்தத்தில் இறங்கினார்கள். டெல்லிக் கூட்டணியில் இருந்த திமுக விலகிவிடுவோம் என்கிற அளவுக்குப் போனதும், பிரதமர் மன்மோகன் சிங் நெய்வேலியை மட்டுமல்ல, நாட்டில் அப்போதிருந்த பங்கு விற்பனைத் திட்டங்கள் அனைத்தையுமே நிறுத்திவைத்தார். 2013இல் மறுபடியும். பொதுமக்கள் கையில் குறைந்தபட்சம் இத்தனை பங்கு இருக்கவேண்டும் என்ற செபி விதியைக் காட்டி 5 சதவீதம் விற்பதாக அறிவிப்பு வந்தது. மறுபடியும் வேலைநிறுத்தம். தமிழ்நாட்டு அரசு நிறுவனங்களே வாங்கிக்கொள்ளட்டும் என்று ஜெயலலிதா யோசனை சொல்லி, டிட்கோ, சிப்காட் உள்ளிட்ட ஐந்து நிறுவனங்கள் 3.56 சதவீதத்தை சுமார் 358 கோடிக்கு வாங்கின. விதியும் நிறைவேறியது, நெய்வேலியும் தனியாருக்குப் போகவில்லை. அரசியல் நினைத்தால் எவ்வளவு சாமர்த்தியமாகத் தீர்வு காண முடியும் என்பதற்கு இதைவிட நல்ல சாட்சி இல்லை.

2006, 2013. இந்த இரண்டு வருஷங்களையும் எங்கோ படித்தோமே என்று தோன்றுகிறதா? வளையமாதேவியில் நிலம் எடுக்கப்பட்ட காலத்தின் தொடக்கமும் முடிவும் அவைதான். ஷேர் கைமாறக் கூடாது என்று ஆர்ச் கேட்டில் கொடிகள் பறந்துகொண்டிருந்த அதே வருஷங்களில், வயல் கைமாறுவதற்கான நோட்டீஸ்கள் கிராமத்துக்குள் சத்தமில்லாமல் போய்க்கொண்டிருந்தன. அன்று ஷேருக்காக நின்ற தலைவர்கள் யாரும் இந்த நோட்டீஸ்களுக்காக நிற்கவில்லை என்று சொன்னால் சிலருக்கு அநியாயமாக இருக்கும். கிராமத்துப் போராட்டங்களும் இருந்தன. ஆனால் டெல்லியை அசைக்கும் அளவுக்கு எதுவும் திரளவில்லை. தொழிற்சங்கத்துக்கும் இதில் ஒரு சங்கடம் இருக்கிறது. பங்கு விற்பனையால் தொழிலாளிக்கு ஆபத்து; நிலமெடுப்பு நின்றாலும் தொழிலாளிக்கு ஆபத்து.

விவசாயியின் நிலையும் நேர்கோடாக இல்லை. பழுப்பு நிலக்கரிப் படுகைக்குக் கீழே மேல்நோக்கி அழுத்தும் ஊற்றுநீர் உண்டு. அதை இரவும் பகலும் இறைக்காமல் நெய்வேலியில் ஒரு டன்கூட வெட்ட முடியாது. திட்டத்தின் ஆரம்ப காலத்தில் நிபுணர்களைத் தயங்கவைத்ததே அந்தத் தண்ணீர்தான். அதை இறைத்ததால்தான் சுற்றுப்புறக் கிணறுகள் வற்றி, போர்வெல் பல நூறு அடிக்கு இறங்கியது என்பது கிராமத்தார் குற்றச்சாட்டு. ஆனால் இறைத்த தண்ணீர் பரவனாற்றில் விழுந்து வாலாஜா ஏரிக்குப் போகிறது. குறிஞ்சிப்பாடிப் பக்கத்தில் அதை நம்பிச் சாகுபடி செய்கிறவர்கள் இருக்கிறார்கள். சுரங்கத்தால் தண்ணீர் போனவரும் சுரங்கத்தால் தண்ணீர் வந்தவரும் ஒரே தாலுகாவில், சில வேளை ஒரே குடும்பத்தில்.

காரியம் நடப்பதையும் நின்றுபோவதையும் அரசியலே தீர்மானிக்கிறது என்பதற்கு வீராணத்தையும் இங்கே சொல்லவேண்டும். சென்னைக்கு வீராணத்துத் தண்ணீர் என்ற திட்டம் 1960களின் கடைசியில் புறப்பட்டு, ஒப்பந்தச் சர்ச்சையில் சிக்கி, சர்க்காரியா கமிஷன் விசாரணை வரைக்கும் போனது. வார்த்த ராட்சதக் குழாய்கள் வருஷக்கணக்கில் சாலையோரத்தில் கிடந்தன. வீடில்லாதவர்கள் உள்ளே குடித்தனம் நடத்தினார்கள். ஜெயலலிதா ஆட்சியில் புதிய வீராணம் என்று பெயர் மாற்றி 2004இல் தண்ணீர் போய்ச் சேர்ந்தது. சேத்தியாத்தோப்பில் ஏற்றி, வடக்குத்தில் சுத்திகரித்து, 200 கிலோமீட்டருக்கும் மேல் அனுப்புகிறார்கள். ஏரி அதே ஏரி, தாகம் அதே தாகம். முப்பது வருஷம் கழித்து அது சாத்தியமானதற்குப் பொறியியலில் காரணம் தேடிப் பயனில்லை.

வளையமாதேவிக்குத் திரும்புவோம். அங்கே நடந்த சண்டையில் மையமாக இருந்தது நிலமே எடுக்கக் கூடாது என்பதல்ல. வெளியிலிருந்து போன பலருக்கு இது பிடிபடவில்லை. பெரும்பாலானவர்கள் கேட்டது மூன்று: வீட்டுக்கு ஒரு நிரந்தர வேலை, பிற்காலத்தில் கொடுத்தவருக்குக் கிடைக்கும் அதே விலை, எழுத்தில் உறுதி. முதல் தலைமுறையில் நிலம் கொடுத்தவர் வீட்டில் ஒருவர் நிரந்தரத் தொழிலாளியாகி, டவுன்ஷிப்பில் ஏதோ ஒரு வட்டத்தில் குவார்ட்டர்ஸ் வாங்கிக் குடியேறியதை இவர்கள் பார்த்திருக்கிறார்கள். பின்னால் கொடுத்தவர்களின் பிள்ளைகள் ஒப்பந்தத் தொழிலாளியாகவோ கூட்டுறவுச் சொசைட்டி ஆளாகவோதான் கேட்டுக்குள் நுழைய முடிந்தது. விலையும் அப்படியே. 2022இல் அறிவித்த புதிய மறுவாழ்வுக் கொள்கையில் ஏக்கருக்கு 20 லட்சத்தைத் தாண்டிய தொகை பேசப்பட்டபோது, 2006–2013க்குள் கொடுத்தவர்கள் சில லட்சங்களோடு நின்றிருந்தார்கள். அவர்களுக்கு ஏக்கருக்கு 10 லட்சம் கருணைத்தொகை என்று பிறகு வந்தது. கருணைத்தொகை என்றால் உரிமையில்லை, மனமுவந்து கொடுப்பது என்று அர்த்தமாகிறது. இதையும் கிராமத்துக்காரர்கள் கவனிக்காமல் இல்லை.

சட்டத்திலும் அதே படிக்கட்டு. 2013ஆம் ஆண்டின் நிலமெடுப்புச் சட்டம் சமூகத் தாக்க மதிப்பீடு, கூடுதல் இழப்பீடு, ஐந்தாண்டு பயன்படுத்தாத நிலத்தைத் திருப்பித் தருவது என்று பல புதிய கதவுகளைத் திறந்தது. தமிழ்நாடு அரசு 2014இல் 105–ஏ என்ற பிரிவைச் சேர்த்து, தொழில் நோக்கங்களுக்கான 1997ஆம் ஆண்டுச் சட்டம் உள்ளிட்ட தன் மூன்று பழைய சட்டங்களை அதிலிருந்து விலக்கிக்கொண்டது. 2019இல் உயர் நீதிமன்றம் அதைச் செல்லாது என்றது. அதே வருஷம் மாநில அரசு வேறொரு சட்டம் போட்டு மூன்றுக்கும் மறுபடி உயிர் கொடுத்தது; 2021இல் உச்ச நீதிமன்றம் அதை ஏற்றுக்கொண்டது. இந்த விஷயத்தில் அதிமுகவுக்கும் திமுகவுக்கும் கருத்து வேற்றுமை தெரியவில்லை. டெல்டாவைக் காக்க ஒரு சட்டம் இயற்றிய அதே சட்டமன்றம்தான் அதற்குச் சில மாதங்களுக்கு முன்பு இதையும் இயற்றியது.

வளையமாதேவிக்காக நீதிமன்றம் போனவர்கள் கையில் எடுத்தது அந்த ஐந்தாண்டுப் பிரிவைத்தான். பத்து வருஷமாகப் பயன்படுத்தாத நிலத்தைத் திருப்பிக் கொடுங்கள் என்று கேட்டார்கள். சுரங்கத்துக்கு நிலம் ஒரே நாளில் தேவைப்படாது, கட்டம் கட்டமாகத்தான் தேவைப்படும் என்பது எதிர்த்தரப்பின் பதில். வெட்டுமுகத்தின் நடை முன்கூட்டியே தெரிந்ததுதான் என்பதை அந்தப் பதிலில் அவர்களே ஒப்புக்கொண்டார்கள்.

1957 மே 20 அன்று நேரு முதல் சுரங்கத்தைத் தொடங்கிவைத்தபோது எடுக்கப்பட்ட ஊர்களில் ஒன்று வேலுடையான்பட்டு. ஊர் போய்விட்டது, முருகன் கோயில் மட்டும் டவுன்ஷிப்புக்குள் நிற்கிறது, பங்குனி உத்திரத்துக்குக் காவடிகள் வருகின்றன. அந்தத் தலைமுறையில் நிலத்துக்கு என்ன விலை வைத்தார்கள், யார் வைத்தார்கள், வேலை என்ற வாக்குறுதி எப்படி உள்ளே வந்தது என்பதை அடுத்த வாரம் பார்ப்போம்.